தண்ணீருக்கு மாப்பிள்ளை அழைப்பு

மதுரையில் எனக்குக் கிடைத்த கேமராமேன் கல்யாண வீடியோ எடுப்பவர் என்பது விமான நிலைய வாசலிலேயே தெரிந்துவிட்டது. அவர் கொண்டுவந்த வேனின் முகப்பில் காய்ந்த ரோஜா மாலை ஒன்று தொங்கியது. பக்கவாட்டில் ஒட்டியிருந்த சிவப்பு இதயங்கள் பாதி உரிந்தும் உரியாமலும் இருந்தன. "நேத்து ஒரு ரிசப்ஷன் இருந்துச்சுக்கா. கழுவ நேரமில்ல, அப்படியே வந்துட்டேன்" என்றார். பெயர் ஜெபராஜ், வீடு விளாங்குடியில். வேனுக்குள் புகை மெஷின், கலர் விளக்குகள், ஒரு சாக்கு நிறைய ரோஜா இதழ். ஆற்றைப் படமெடுக்க வந்தவளுக்கு இதெல்லாம் எதற்கு என்று கேட்க வாயைத் திறந்து, அந்த வாசனையில் கேட்காமலே மூடிக்கொண்டேன்.

நான் மலேசியாக்காரி. கிள்ளானில் ஒரு சின்ன நிறுவனத்தில் ஆவணப்படம் எடுக்கிறேன். ஆறுகளில் மனிதர்கள் கட்டிய அணை, மதகு, கால்வாய், அவற்றை ஒட்டி வளர்ந்த பட்டறைகள், ஆலைகள் என்று ஒரு தொடர். ஆளுக்கொரு ஆறாகப் பிரித்தபோது வைகை எனக்கு வந்தது. அலுவலகத்தில் தமிழ் தெரிந்தவள் நான் ஒருத்திதான். என்னுடன் வரவேண்டிய கேமராமேன் டெங்கியில் படுத்துவிட்டதால், மதுரையில் தெரிந்தவர்களிடம் ஒருவரைப் பிடித்துக் கொடுக்கச் சொன்னோம். பிடித்துக் கொடுத்துவிட்டார்கள்.

என் கதைத் திட்டம் எளிமையானது. மதகு திறக்கிறது, தண்ணீர் கால்வாயில் புறப்படுகிறது, கடைசி வயலுக்குப் போய்ச் சேருகிறது. நடுவில் மதகுக்குக் கதவு செய்யும் தொழிற்சாலை. கடைசி வயலில் தண்ணீர் நுழையும் காட்சியோடு படம் முடியும். கிள்ளானில் உட்கார்ந்து எழுதும்போது மிகவும் சுலபமாக இருந்தது.

முதல் நாள் ஆற்றைப் பார்க்கப் போனோம். கோச்சடைப் பக்கம் தடுப்பணை ஒன்றின் பின்னால் கொஞ்சம் தண்ணீர் நின்றது. அதன்மேல் ஆகாயத்தாமரை, அதற்குள் மூக்கை மட்டும் காட்டிக்கொண்டு நாலைந்து எருமைகள். தடுப்பணைக்குக் கீழே ஆறு என்பது ஒரு பெரிய மைதானம். பையன்கள் கிரிக்கெட் ஆடினார்கள், ஒருவர் ஆற்றின் நடுவில் பைக் ஓட்டப் பழகிக்கொண்டிருந்தார். இரு கரையிலும் சுவர் எழுப்பி, சுவரை ஒட்டிப் புத்தம்புதிய சாலை போட்டிருந்தார்கள். அதில் வண்டிகள் ஆற்றைவிட வேகமாக ஓடின.

எங்கள் ஊரில் ஆறு என்றாலே பயம். மழை பிடித்தால் சோபாவைத் தூக்கி மேசைமேல் வைத்துவிட்டுத்தான் தூங்குவோம். அங்கே பொறியாளர்களின் வேலை, வந்த தண்ணீரை எப்படியாவது சீக்கிரமாகக் கடலில் தள்ளிவிடுவது. இதை ஜெபராஜிடம் சொன்னபோது அவர் கேமராவை இறக்கிவிட்டு என்னைப் பார்த்தார்.

"கடலுக்கா? தண்ணியவா தள்ளுவாக?"

"ஆமாம். பம்பு வைத்துத் தள்ளுவோம்."

"எங்க ஆறு கடலப் பாத்துருக்கான்னே சந்தேகம்க்கா. ராமநாதபுரம் போயி அங்கன ஒரு பெரிய கண்மாயில உக்காந்துக்கிரும். இங்க இஞ்சினியருக்கு வேலையே, ஒரு சொட்டும் தப்பிச்சுப் போயிராமப் பாத்துக்கிறதுதேன்" என்றார். உலகத்தில் ஒரே படிப்பைப் படித்துவிட்டு இரண்டு ஊரில் நேரெதிரான வேலை பார்க்கிறார்கள் என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது. படத்துக்கு ஒரு நல்ல வரி கிடைத்த குஷியில் அன்று இரவு பன் பரோட்டாவை அளவு தெரியாமல் சாப்பிட்டேன். பன் மாதிரி உப்பி, நெய்யில் மிதந்து, சால்னாவைக் குடித்துவிட்டு இன்னும் கேட்கிற பரோட்டா. நாங்கள் ரொட்டி சானாய் என்று கிள்ளானில் பெருமையடிக்கும் பண்டத்தின் பணக்கார மாமா இவர்தான் என்று முடிவு செய்தேன்.

மறுநாள் காலை தல்லாகுளத்தில் நான் தங்கியிருந்த விடுதி வாசலில் பருத்திப்பால் வண்டி நின்றது. பருத்திக்கொட்டையில் பால் எடுக்க முடியும் என்பதையே நான் நம்பவில்லை. கருப்பட்டியும் சுக்குமாகத் தொண்டையில் இறங்கியதும் நம்பினேன். "பசியாறிட்டீங்களா?" என்று ஜெபராஜைக் கேட்டேன். எங்கள் ஊரில் காலையில் எல்லாரும் எல்லாரையும் கேட்கும் கேள்வி அது. அவர் அதை ரசித்து, வந்த ஒவ்வொரு கைபேசி அழைப்பிலும் "என்ன மாப்ள, பசியாறிட்டியா?" என்று கேட்க ஆரம்பித்தார். எதிர்முனையில் பலர் பயந்துபோய் அழைப்பைத் துண்டித்தார்கள்.

அன்றைக்குக் கப்பலூர்த் தொழிற்பேட்டைக்குப் போகவேண்டும். பாதி வழியில் வேன் ஒரு கீச்சுச் சத்தம் போட்டு நின்றுவிட்டது. ஃபேன் பெல்ட் அறுந்துவிட்டதாம். மெக்கானிக் கடையில் வேனை விட்டுவிட்டு, கேமராவையும் புகை மெஷினையும் தூக்கிக்கொண்டு டவுன் பஸ்ஸில் ஏறினோம். புகை மெஷின் வேண்டாம் என்றேன். "இருக்கட்டும்க்கா" என்றார். கண்டக்டர் என் கையில் ஒரு சீட்டைக் கொடுத்துவிட்டுக் காசு வாங்காமல் நகர்ந்தார். நான் வெளிநாட்டுக்காரி, எனக்கு எப்படி இலவசம் என்று நேர்மையாகக் கேட்டேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "பொம்பளதானக்கா நீங்க? உக்காருங்க." ஜெபராஜ் தனக்கும் புகை மெஷினுக்கும் டிக்கெட் எடுத்தார்.

தொழிற்பேட்டையில் நாங்கள் போன பட்டறை மதகுக் கதவுகள் செய்வது. ஷட்டர் என்கிறார்கள். இரண்டு ஆள் உயரத்துக்கு இரும்புத் தகடு, நடுவில் தடித்த திருகுக் கம்பி, மேலே சுற்றுவதற்குச் சக்கரம். பட்டறை முதலாளி சாலமன் சார் மிஷன் பள்ளியில் கணக்கு வாத்தியாராக இருந்து, வேலையை விட்டுவிட்டு வெல்டிங்குக்கு வந்தவர். புதிதாகப் பெயின்ட் அடித்த ஒரு ஷட்டர் சங்கிலியில் தொங்கிக்கொண்டிருந்தது. அதைக் கீழே இறக்குவதை எடுத்தால் போதும் என்று சொல்லிவிட்டு, நான் சாலமன் சாருடன் தேநீர் குடிக்கப் போனேன். போயிருக்கக் கூடாது.

திரும்பி வந்தால் பட்டறை முழுக்கப் புகை. புகைக்கு நடுவில் நீல நிற ஷட்டர் மெல்ல மெல்ல இறங்கிக்கொண்டிருந்தது. ஜெபராஜ் அதைச் சுற்றி அரைவட்டமடித்து, தரையில் படுத்து, எழுந்து, மறுபடி சுற்றினார். "சார், நீங்க வந்து ஒரு கைய அதுமேல வைங்க. தலைய லேசாச் சாச்சுக்கங்க. சிரிங்க" என்றார். சாலமன் சார் உடனே போய் ஷட்டரின் தோளில் கைபோட்டு நின்றார். அத்தனை மகிழ்ச்சியான ஒரு தொழிலதிபரை நான் எங்கேயும் படமெடுத்ததில்லை.

மூலையில் வெல்டிங் செய்துகொண்டிருந்த ஒடிசாக்காரத் தம்பி ஒருவர் கைபேசியில் யாரிடமோ சிரித்துச் சிரித்துப் பேசினார். என்ன சொல்கிறார் என்று சாலமன் சாரைக் கேட்டேன். "வீட்டுக்காரிட்டச் சொல்றான். சினிமா ஷூட்டிங் நடக்குது, கதாநாயகிக்கு உடம்பெல்லாம் இரும்பு, எடை ஒன்றரை டன்னுன்னு சொல்றான்" என்றார், அவர்களோடு பழகி ஒடியா கற்றிருந்த அவர். நானும் சிரித்துவிட்டேன். கோபப்பட வேண்டிய இடம் அது. ஆனால் அந்தக் காட்சி நன்றாகவே வந்திருந்தது என்பதையும் ஒத்துக்கொள்ள வேண்டும்.

அடுத்த நாள், புது பெல்ட் மாட்டிய வேனில் பேரணை. மதுரையிலிருந்து மேற்கே, வைகையைக் குறுக்கே மறித்து, தண்ணீரைக் கால்வாய்க்குத் திருப்பிவிடும் இடம். பாசனத்துக்கு அன்று தண்ணீர் திறக்கிறார்கள். பந்தல், மைக், தட்டுத் தட்டாகப் பூ. அதிகாரிகளும் விவசாயிகளும் நெருக்கியடித்துக்கொண்டு மதகின்மேல் நின்றார்கள். லஸ்கர் என்று அழைக்கப்படும் மதகு ஊழியர் சக்கரத்தைச் சுற்ற, கதவு முனகிக்கொண்டே ஏறியது. அடியிலிருந்து தண்ணீர் சீறி வந்தது. எல்லாரும் அதன்மேல் பூத் தூவினார்கள்.

அழகாக முடிந்திருக்கவேண்டியது. "சார், கேமராவப் பாக்காமத் தூவிட்டீகளே, இன்னொரு வாட்டி" என்றார் ஜெபராஜ். மறுபடி தூவினார்கள். "மேடம், நீங்க கொஞ்சம் உள்ள வாங்க. மூணாவது வரிசை அண்ணே, கைய இறக்குங்க." மறுபடி. பூத்தட்டுகள் காலியாகிவிட்டன. இவர் ஓடிப்போய் வேனிலிருந்து அந்தச் சாக்கைத் தூக்கிவந்தார். பெரிய பெரிய அதிகாரிகள் சாக்குக்குள் கைவிட்டு ரோஜா இதழை அள்ளி அள்ளித் தூவினார்கள். யாருக்கும் அலுக்கவில்லை. கால்வாய் சிவப்பாகப் புறப்பட்டுப் போனது.

அந்தக் கூட்டத்தில் சிரிக்காமல் நின்ற ஒரே ஆள் ஒரு பெண்மணி. என் வயதிருக்கும். கையில் ஒரு பாலிதீன் பை, அதற்குள் வேரில் மண்ணோடு ஒரு பிடி நெல் நாற்று. பொறியாளர் அம்மா ஒருவரைத் தேடிப்பிடித்து அதைக் காட்டினார்.

"மேடம், இதப் பாருங்க. நாத்து முத்திக்கிட்டு இருக்கு. கணு விட்டுருச்சுன்னா நட முடியாது. அதுக்குள்ள எங்க ஊருக்குத் தண்ணி வந்துருமா?"

"அதான் திறந்துட்டோம்ல பாண்டியம்மா. வந்துரும்."

"திறந்தது தெரியுது மேடம். வாரதத்தேன் கேக்குறேன்."

பாண்டியம்மாளின் ஊர் மேலூருக்குக் கிழக்கே, கால்வாய் முடியும் இடத்தில். கடைமடை. ஊர்ப் பெயரை எழுதினால் அடுத்த ஊர்க்காரர்கள், நாங்கள்தான் கடைசி என்று சண்டைக்கு வருவார்களாம், அதனால் விட்டுவிடுகிறேன். நான் தேடிவந்த கடைசி வயல் அவருடையதுதான் என்று தெரிந்ததும் அவரை வேனில் ஏற்றிக்கொண்டோம். மூன்று பஸ் மாறி வந்திருந்தார். ரோஜா மாலைக்குப் பின்னால் முன்சீட்டில் உட்கார்ந்து, மடியில் நாற்றை வைத்துக்கொண்டார்.

"எங்க ஆளுக அம்புட்டுப் பேரும் அடுத்தவுக வயல்லதேன் நாத்து நட்டாக. நானும் பதினஞ்சு வருசம் நட்டேன். இது நானும் எம்புருசனும் வாங்குன நெலம். அவரு லாரிக்குப் போயிட்டாரு, வர ஒரு வாரமாகும். பக்கத்துக் கெணத்துத் தண்ணிய விட்டு நாத்தங்கால வளத்துட்டேன். நாத்துக்கு அது காணும், வயலுக்குக் காணாது" என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "நீங்க எம்புட்டு நாளைக்கு இருப்பிக?" என்று கேட்டார். மூன்று நாள் என்று சொன்னேன். "அப்ப உங்க பிளேனுக்கும் என் நாத்துக்கும் ஒரே கெடு" என்றார்.

அதற்கடுத்த நாள் நாங்கள் செய்த வேலைக்கு என்ன பெயர் வைப்பதென்று தெரியவில்லை. தண்ணீரைத் துரத்தினோம். கால்வாய்க் கரையோடு வேனில் போவது, தண்ணீரின் முனையைப் பிடிப்பது, படமெடுப்பது, அதற்கு முன்னால் போய்க் காத்திருப்பது. கரை நெடுக மனிதர்கள் நின்றுகொண்டு ஒரே கேள்வியைக் கேட்டார்கள்: "தண்ணி எங்க வருது?" ஜெபராஜ் தலையை வெளியே நீட்டி, "வாடிப்பட்டி தாண்டிருச்சுண்ணே, சாயங்காலம் இங்கன இருக்கும்" என்பார். கூடவே கைபேசியில் பாண்டியம்மாளுக்கும் தகவல் போகும். மாப்பிள்ளை வீட்டார் எங்கே வருகிறார்கள் என்று மண்டபத்தில் கேட்பார்களே, அதே பரபரப்பு. எங்கள் வேனின் அலங்காரத்தைப் பார்த்த ஒரு பாட்டையா, "யாரு வீட்டுக் கல்யாணம்?" என்று கேட்டார். "தண்ணிக்குத்தேன்" என்றார் ஜெபராஜ். பாட்டையா ரொம்பச் சரி என்பதுபோல் தலையாட்டினார்.

ஒரு பாலத்தடியில் முந்தின நாள் தூவிய ரோஜா இதழ்கள் கரையில் ஒட்டிக் கிடந்தன. எனக்கு ஏனென்றே தெரியாமல் சந்தோஷமாக இருந்தது. கிள்ளானில் தண்ணீர் வருகிறது என்று யாராவது கத்தினால் நாங்கள் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு மாடிக்கு ஓடுவோம். இங்கே குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு ஓடிவருகிறார்கள். நாள் முழுக்க இளித்துக்கொண்டே இருந்ததில் மாலையில் கன்னம் வலித்தது.

மேலூர் தாண்டித் தண்ணீர் கிளைவாய்க்காலுக்குள் திரும்பியதைப் பார்த்துவிட்டுத் தூங்கப் போனோம். காலையில் பாண்டியம்மாளின் அழைப்பு எழுப்பியது. "யக்கா, தண்ணியக் காணோம்" என்றார்.

போய்ப் பார்த்தோம். உண்மையாகவே காணோம். கடைமடைக்கு இரண்டு ஊர் முன்னால் வாய்க்கால் சாலையைக் கடக்கிறது. சாலைக்கு அடியில் குழாய் வைத்துப் பாலம் கட்டியிருக்கிறார்கள். குழாய்க்கு இந்தப் பக்கம் தண்ணீர் குளமாகத் தேங்கி, கரையை உடைத்துக்கொண்டு கருவேலங்காட்டுக்குள் ஓடியது. அந்தப் பக்கம் வெடித்துக் காய்ந்த மண். பாண்டியம்மாள் ஏற்கெனவே அங்கே நின்றார். கூடவே அவர் ஊர் ஆட்கள், ஆணும் பெண்ணுமாக, மண்வெட்டியும் அரிவாளும் வைத்துக்கொண்டு. கடைமடைக்காரர்களின் வழக்கமே அதுதானாம். தண்ணீர் பக்கத்தில் வந்துவிட்டது என்று தெரிந்ததும் ஊரே கிளம்பி எதிரே போகும். "நம்ம தண்ணிய நாமதேன் போயிக் கூட்டியாரணும். தானா வராது" என்றார் பாண்டியம்மாள்.

நாற்று என்னவாயிற்று என்று கேட்டேன். "அடித்தண்டுல கணு தட்டுப்படுது. இன்னைக்குள்ள வந்தாத்தேன் உண்டு. ஆட்டுக்காரர நாளைக்குக் காலையில வரச் சொல்லிட்டேன். வீணாப் போறதுக்கு அவரு ஆடாவது மேயட்டும்" என்றார். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

இரண்டு பேர் தண்ணீரில் இறங்கிக் குழாய் வாயில் கையை விட்டார்கள். முதலில் வாழைமரம் ஒன்று வந்தது, குலையோடு. பிறகு மூட்டை மூட்டையாகப் பேப்பர் பிளேட்டு. பிளாஸ்டிக் மல்லிகைச் சரம், சாமந்திச் சரம், இழுக்க இழுக்க முடியாமல் வந்துகொண்டே இருந்தது. கடைசியில் நாலு பேர் சேர்ந்து பிடித்து இழுத்ததில், பாதி ஒடிந்த, ஆள் நுழையும் அளவுக்குப் பெரிய ரோஸ் நிற தெர்மோகோல் இதயம் ஒன்று வெளியே வந்து விழுந்தது.

ஜெபராஜ் கேமராவை இறக்கினார்.

"இது நம்ம வேலைக்கா" என்றார். "அந்தா தெரியுது பாருங்க மண்டபம், அங்கனதேன் எடுத்தேன். இந்த ஹார்ட்டுக்குள்ள மாப்பிள்ளையையும் பொண்ணையும் நிப்பாட்டி அரைமணி நேரம் எடுத்தேன். இத வைக்கச் சொன்னதே நாந்தேன்."

மண்டபத்தின் பின்சுவரை ஒட்டியே வாய்க்கால் போகிறது. மேடையைப் பிரிப்பவர்கள் அன்றைக்கே பிரித்துப் பின்பக்கம் வீசிவிடுவார்கள். அவர்களைச் சொல்லியும் குற்றமில்லை. "வருசம் பூராக் காஞ்சு கெடக்குது. பள்ளம்னு நெனச்சுத்தேன் எல்லாரும் போடுறாக. நானும் அது வாய்க்கால்னு இன்னைக்குத்தேன் பாக்குறேன்" என்றார். எங்கள் ஊரில் இந்தத் தவறை யாராலும் செய்ய முடியாது. வாய்க்கால் எது என்று மறக்க விடாமல் அது வாரம் ஒருமுறை வீட்டுக்குள் வந்துவிடும்.

கேமராவை என் கையில் கொடுத்தார். செருப்பைக் கழற்றினார், பேன்ட்டை முழங்காலுக்கு மேல் சுருட்டினார், இறங்கினார். குழாய்க்குள் இடுப்பு வரை தண்ணீரில் குனிந்து நுழைந்துவிட்டார். உள்ளிருந்து ஒவ்வொன்றாக வெளியே வந்தது: நாற்காலி உறை, வரவேற்புப் பலகை, இன்னொரு இதயம். கரையில் நின்ற பெண்கள், "ஏம்ப்பா, இன்னும் எத்தனை கல்யாணம் உள்ள இருக்கு?" என்று கேட்டார்கள். "பொண்ணு மாப்பிள்ள இருந்தாலும் வெளிய அனுப்பு" என்றார் ஒருவர். சற்றுமுன் வயிறெரிந்துகொண்டு நின்றவர்கள்தான். இப்போது சிரித்துச் சிரித்துத் திட்டினார்கள். ஜெபராஜ் உள்ளேயிருந்து அத்தனைக்கும் "சரிங்கக்கா, சரிங்கக்கா" என்று பதில் சொன்னார். ஆண்கள் உடைந்த கரையை மண் வெட்டிப்போட்டு அடைத்தார்கள். நானும் கொஞ்ச நேரம் மண் சுமந்தேன். படத்தில் அந்தப் பகுதி இல்லாததற்கு அதுதான் காரணம்.

மத்தியானத்துக்கு மேல் குழாய் ஒரு பெரிய ஏப்பம் விட்டது. ஜெபராஜ் அந்தப் பக்கமாக வழுக்கிக்கொண்டு வெளியே வந்தார். அவருக்குப் பின்னாலேயே தண்ணீர் வந்தது.

பிறகு நடந்தது ஊர்வலம். காய்ந்த வாய்க்காலில் தண்ணீர் நாம் நடப்பதைவிட மெதுவாகத்தான் வருகிறது. ஒவ்வொரு வெடிப்பாக நின்று குடித்துவிட்டு, நுரையும் சருகும் ஒற்றைச் செருப்புமாக நகர்கிறது. வெடிப்புகள் உஸ் உஸ்ஸென்று மூச்சு விடுகின்றன. எறும்புகள் முட்டையைத் தூக்கிக்கொண்டு கரையேறுகின்றன. மைனாக்களும் கொக்குகளும் முன்னால் முன்னால் குதித்து எதையோ கொத்துகின்றன. ஊர்க்காரர்கள் இருபுறமும் கூடவே நடந்து, குறுக்கே கிடந்த முள்ளை இழுத்துப்போட்டு, எலி வளையை மிதித்து அடைத்துக்கொண்டே வந்தார்கள்.

ஜெபராஜ் கேமராவைத் திரும்ப வாங்கிக்கொண்டு வாய்க்காலின் நடுவில், தண்ணீருக்கு முன்னால், பின்பக்கமாகவே நடந்தார். எத்தனையோ மாப்பிள்ளை அழைப்புகளில் அப்படித்தான் நடந்திருக்கிறார், காலுக்கே பழகிவிட்டது. தண்ணீர் நின்றால் நின்றார், நகர்ந்தால் நகர்ந்தார். "வாங்க வாங்க, மெதுவா வாங்க" என்று தண்ணீரிடம் பேசினார். ஒரு திருப்பத்தில் வேர் தட்டி மல்லாந்து விழுந்தபோதும் கேமராவை மட்டும் உயர்த்திப் பிடித்துக்கொண்டார். தண்ணீர் அவர் முதுகை நனைத்துக்கொண்டு தாண்டிப் போனது. பெண்கள் குலவை போட்டார்கள். அது தண்ணீருக்கா இவருக்கா என்று தெரியவில்லை. எனக்குச் சிரிப்பு தாங்காமல் கரையில் உட்கார்ந்துவிட்டேன். இப்போது நினைத்தாலும் அந்த மாலை முழுக்க நான் பதினைந்து வயதுப் பெண்ணாக இருந்தேன் என்றுதான் சொல்லத் தோன்றுகிறது.

இருட்டும்போது ஊர் எல்லை வந்தது. இனிமேல் முறை வைத்து வயல் வயலாகப் பாய்ச்சுவார்கள் என்றார்கள். பாண்டியம்மாள் கொடுத்த சோற்றையும் கருவாட்டுக் குழம்பையும் சாப்பிட்டு, வேனிலேயே தூங்கிப்போனோம்.

விடிந்து கண் விழித்தால் டிராக்டர் சத்தம். பாண்டியம்மாளின் வயலில் தண்ணீர் நின்றது. அதற்குள் இரும்புச் சக்கரம் மாட்டிய டிராக்டர் சேற்றைக் குழப்பிக்கொண்டு சுற்றியது. அவர் நாற்றங்காலில் குனிந்து, வேர் அறாமல் நாற்றைப் பறித்துத் தண்ணீரில் அலசி, முடி எனப்படும் சிறு கட்டுகளாகக் கட்டிக்கொண்டிருந்தார். ஜெபராஜ் இன்னொரு வாட்டி செய்யுங்கள் என்று யாரிடமும் கேட்கவில்லை. வரப்பில் உட்கார்ந்து பேசாமல் எடுத்தார்.

அப்போதுதான் ஆட்டுக்காரர் வந்தார். தோளில் கம்பு, பின்னால் வரப்பு கொள்ளாத அளவுக்கு ஆடுகள். தண்ணீரைப் பார்த்து நின்றுவிட்டார். ஆடுகள் நாற்றைப் பார்த்து நின்றன.

"என்னத்தா, வரச் சொன்னியே?"

"வரச் சொன்னேன்ண்ணே. தண்ணி வந்துருச்சு."

"பாத்தேன்." கம்பை வரப்பில் ஊன்றிக்கொண்டார். "நல்லதுதேன். இதுகளுக்கு என்ன சொல்றது? இந்தா இந்தான்னு அம்புட்டுத் தூரம் ஓட்டியாந்துட்டேன்."

பாண்டியம்மாள் நிமிர்ந்தார். கட்டிய முடி ஒன்றை எடுத்து உயர்த்திப் பார்த்தார். நாற்று அளவுக்கு மீறி வளர்ந்து நுனி தொங்கியது.

"முத்துன நாத்து, நுனியக் கிள்ளித்தேன் நடணும். கிள்ளுறத அம்புட்டையும் உங்க ஆட்டுக்குப் போடுறேன். மத்ததுக்குத் தை மாசம் அறுப்பு முடியவும் வாங்க. தாளு மேயலாம்."

இடுப்பிலிருந்த அரிவாளை எடுத்து முடியின் நுனியை ஒரே இழுப்பில் அறுத்தார். பச்சைக் கற்றையை வரப்பில் வீசினார். முன்னால் நின்ற செம்மறி ஓடிவந்து கவ்வியது. மீதி முடியைக் கையில் பிடித்துக்கொண்டு, பாண்டியம்மாள் தன் வயலுக்குள் இறங்கினார்.